உழைத்த சம்பளம் யாருடைய பணம்?



இன்றைய பொருள் சம்பளம். அதிலும் கற்பிக்கிறவரின் சம்பளம். வகுப்பு நடந்து முடிந்தது. பரீட்சைத் தாள் திருத்திக் கொடுத்தாயிற்று. பிள்ளைகள் சித்தியடைந்து அடுத்த வகுப்புக்குப் போய்விட்டார்கள். ஆனால் பாடம் சொன்னவரின் கைக்குக் காசு வரவில்லை. வந்தாலும் பாதிதான் வருகிறது. மீதியைக் கேட்டால் ‘ஃபைல் மேலே போயிருக்கிறது’ என்கிறார்கள். மேலே என்றால் எங்கே? எத்தனை மாதத்துக்கு? யாரைப் போய்க் கேட்பது? கேட்டும் கிடைக்காவிட்டால் எந்தக் கதவைத் தட்டுவது?

இந்தக் கேள்விகளுக்குச் சட்டத்தில் பதில் இருக்கிறது. அந்தப் பதில்களை வாங்கிக் கொடுத்தவர்கள் பெரும்பாலும் சாதாரணச் சம்பளக்காரர்கள். ஓர் எழுதுவினைஞர், ஒரு பள்ளிக்கூட ஆசிரியை, ஒப்பந்தத்தில் வேலை செய்த சில விரிவுரையாளர்கள். அவர்கள் நடந்த வழியை முதலில் பார்ப்போம். அதன்பிறகு, பதுளையில் இருக்கும் ஒருவர் அந்த வழியில் எப்படி நடக்கலாம் என்று பார்ப்போம்.

முதல் கேள்வி இது. சம்பளம் கொடுக்க வேண்டியது அரசாங்கம் என்றால், அரசாங்கத்தின் மீதே வழக்குப் போட முடியுமா?

1956-ஆம் ஆண்டின் 33-ஆம் இலக்க அரச கரும மொழிச் சட்டம் சிங்களத்தை மட்டும் அரச கரும மொழியாக்கியது எல்லோருக்கும் தெரியும். 1961-இன் இறுதியில் திறைசேரி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. சிங்களத் தேர்ச்சிப் பரீட்சையில் சித்தியடையாத அரச ஊழியருக்குச் சம்பள ஏற்றம் கிடையாது என்றது அது. அப்போது எழுதுவினைஞர் சேவையில் இருந்தவர் செல்லையா கோடீஸ்வரன். அவர் அந்தப் பரீட்சையில் தேறியிருக்கவில்லை. 1962 ஏப்ரலில் அவருக்கு வர வேண்டிய சம்பள ஏற்றம் நிறுத்தப்பட்டது. வேலையில் குறை சொல்லவில்லை. வரவில் குறை சொல்லவில்லை. ஏற்றம் மட்டும் நின்றது.

கோடீஸ்வரன் கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் சட்டமா அதிபருக்கு எதிராக வழக்குத் தொடுத்தார். 1964-இல் தீர்ப்பு அவர் பக்கம் வந்தது. சிறுபான்மையோருக்குப் பாதகமான சட்டத்தை அன்றைய அரசியலமைப்பின் 29-ஆம் பிரிவு தடை செய்திருந்தது. மொழிச் சட்டம் அந்தப் பிரிவுக்கு முரணானது என்று மாவட்ட நீதிபதி சொன்னார். அரசாங்கம் மேன்முறையீடு செய்தது. 1967-இல் உயர் நீதிமன்றம் மொழிக் கேள்விக்குள் போகவே இல்லை. அதற்கு முன்னாலேயே கதவை மூடிவிட்டது. முடியின், அதாவது அரசின், ஊழியர் ஒருவர் சம்பளம் கேட்டு முடிக்கு எதிராக வழக்காட முடியாது என்பதே அதன் முடிவு.

இதன் பொருள் என்ன என்று யோசித்துப் பாருங்கள். கடைக்காரர் அரசாங்கத்துக்கு அரிசி விற்றால் பணம் கேட்டு வழக்காடலாம். கொந்தராத்துக்காரர் பாலம் கட்டிக் கொடுத்தால் வழக்காடலாம். ஆனால் முப்பது நாள் உழைத்த எழுதுவினைஞர் வழக்காட முடியாது. ஆசிரியர் வழக்காட முடியாது. அப்படியானால் அரசாங்கம் கொடுக்கும் சம்பளம் கொடையா? மனம் இருந்தால் கொடுப்பதும் இல்லாவிட்டால் நிறுத்துவதுமா?

கோடீஸ்வரன் அங்கே நிற்கவில்லை. அன்று இலங்கையின் இறுதி மேன்முறையீட்டு மன்றமாக இருந்தது இலண்டன் கோமறைக் கழகம். வழக்கு அங்கே போனது. 1969 டிசம்பரில் கோமறைக் கழகம் உயர் நீதிமன்றத்தின் முடிவை மாற்றியது. இந்த நாட்டின் சட்டப்படி, உழைத்துவிட்ட சம்பளத்தின் நிலுவையைக் கேட்டு அரச ஊழியர் அரசுக்கு எதிராக வழக்காடலாம் என்று தீர்ப்பளித்தது. மொழிக் கேள்வியைத் தீர்த்துவைக்கும்படி வழக்கை மீண்டும் இலங்கைக்கே அனுப்பியது. அந்தக் கேள்விக்கு இலங்கை நீதிமன்றம் பதில் சொல்லவே இல்லை. கோமறைக் கழகத்துக்கான மேன்முறையீடு 1971-இல் ஒழிக்கப்பட்டது. 1972-இல் வந்த புதிய அரசியலமைப்பில் 29-ஆம் பிரிவும் இல்லாமல் போனது.

மொழி வழக்கு பாதியில் நின்றது. சம்பள வழக்கு வென்றது. இன்று ஊவா மாகாணக் கல்வித் திணைக்களத்தில் இருந்து நிலுவை வர வேண்டிய ஒரு சிங்கள ஆசிரியைக்கும், முஸ்லிம் ஆசிரியருக்கும், மலையகத் தமிழ் ஆசிரியருக்கும் ‘இது என் பணம்’ என்று சொல்லும் சட்டத் தைரியம் அந்தத் தமிழ் எழுதுவினைஞர் நடத்திய வழக்கில் இருந்து வருகிறது.

சரி, கோடீஸ்வரனின் வழக்கு கொழும்பிலும் இலண்டனிலும் நடந்தது. நம்முடைய மலைக்கு வருவோம்.

சம்பளப் பாக்கி என்பது ஊவாவுக்குப் புதிய சொல் அல்ல. 1869-இல் இந்த நாட்டுக் கோப்பிச் செடிகளில் இலைநோய் கண்டது. அடுத்த பதினைந்து ஆண்டுகளில் கோப்பி விழுந்தது. துரைமார் கடனில் மூழ்கினார்கள். 1884-இல் ஓரியண்டல் வங்கியும் முறிந்தது. தோட்டங்கள் கைமாறின, கைவிடப்பட்டன. கடன்காரர்கள் நிலத்தை எடுத்துக்கொண்டார்கள். மாதக்கணக்கில் உழைத்துச் சம்பளம் பார்க்காத தொழிலாளர் எதை எடுத்துக்கொள்வது? அந்த 1880-களில்தான், தொழிலாளரின் சம்பளப் பாக்கி தோட்டத்தின் மீதான முதற்கடன் என்று சட்டம் வந்தது. தோட்டம் விலைபோனால் மற்றக் கடன்காரர்களுக்கு முன்னால் தொழிலாளருக்குக் கொடுக்க வேண்டும். 1886-இல் ஊவா தனி மாகாணமாகப் பிறந்ததும் இந்த நெருக்கடியின் நடுவில்தான்.

தோட்டப் பள்ளிக்கூடத்து ஆசிரியர்? அவரும் அதே சம்பளப் பட்டியலில்தான் இருந்தார். தோட்டத்துப் பிள்ளைகளுக்குப் படிப்புக் கொடுக்க வேண்டிய கடமையை 1907-ஆம் ஆண்டுச் சட்டம் தோட்ட நிர்வாகத்தின் மீது வைத்தது. பல தோட்டங்களில் அது ஓராசிரியர் பள்ளிக்கூடம். ஒரே அறை, ஐந்து வகுப்பு, ஒரு வாத்தியார். அவருடைய சம்பளம் துரையின் கையில் இருந்தது. துரையோடு முறைத்துக்கொண்டால் வேலையும் போகும், குடியிருந்த வீடும் போகும். 1970-களில் காணிச் சீர்திருத்தம் வந்து, தோட்டங்கள் அரசுடைமையாகி, 1977-இல் இருந்து படிப்படியாகத் தோட்டப் பள்ளிகளையும் அரசாங்கம் பொறுப்பேற்றது. பதுளை மாவட்டத்தில் ஒரு தலைமுறை ஆசிரியர்கள் அப்போதுதான் முதல் தடவையாக அரசாங்கச் சம்பளச் சிட்டையைக் கையில் வாங்கினார்கள். ஓய்வூதியம் என்ற சொல் அவர்கள் வீட்டுக்குள் வந்ததும் அப்போதுதான்.

அப்படியானால் 1977-க்குப் பிறகு பிரச்சினை தீர்ந்துவிட்டதா?

இல்லை. இங்கேதான் ஆசிரிய உதவியாளர்களின் கதை வருகிறது. இந்த மண்டபத்தில் அந்தக் கதையை வாழ்ந்தவர்களே இருக்கக்கூடும்.

மலையகப் பள்ளிகளில் ஆசிரியர் பற்றாக்குறை கடுமையாக இருந்தது. 2014-இல் பெருந்தோட்டப் பகுதிப் பாடசாலைகளுக்கு ஆசிரிய உதவியாளர்களைச் சேர்க்க வர்த்தமானியில் விண்ணப்பம் கோரினார்கள். ஊவா, மத்திய, சப்ரகமுவ மாகாணங்களிலும் வேறு சில மாகாணங்களிலும் சுமார் மூவாயிரம் இடங்கள். உயர்தரம் சித்தியடைந்த தோட்டத்துப் பிள்ளைகள் ஆயிரக்கணக்கில் விண்ணப்பித்தார்கள். 2015-இல் நியமனம் கிடைத்தது. வீட்டில் சந்தோஷம். லயத்தில் இருந்து ஒரு டீச்சர். ஆனால் கடிதத்தில் இருந்த தொகை மாதம் 6,000 ரூபா. அதற்குப் பெயர் சம்பளம் அல்ல, கொடுப்பனவு.

அந்த 6,000-ஐ அதே வீட்டுக் கணக்கில் வைத்துப் பாருங்கள். 2013-ஆம் ஆண்டுக் கூட்டு ஒப்பந்தப்படி கொழுந்து எடுக்கும் தொழிலாளிக்கு எல்லாம் சேர்த்து ஒரு நாளைக்கு 620 ரூபா. மாதம் 20 நாள் வேலைக்குப் பேர் விழுந்தால் 12,400 ரூபா. அந்தச் சம்பளமே போதாது என்று தோட்டத் தொழிலாளர் வீதியில் இறங்கிக்கொண்டிருந்த காலம் அது. அட்டைக்கடியில் மலையேறிய அம்மாவுக்கு 12,400. உயர்தரம் படித்து வகுப்பறையில் நின்ற மகளுக்கு 6,000. மகள் தூரத்துப் பள்ளிக்கூடத்துக்குப் பஸ்ஸில் போக வேண்டும், அல்லது வாடகைக்கு அறை எடுத்துத் தங்க வேண்டும். அம்மாவின் கொழுந்துக் காசில் மகள் அரசாங்கப் பள்ளிக்கூடத்தை நடத்தினாள் என்பதுதான் இந்தக் கணக்கு சொல்லும் உண்மை.

இன்னொரு கணக்கும் உண்டு. 2016-ஆம் ஆண்டின் 3-ஆம் இலக்கச் சட்டம் தேசிய குறைந்தபட்ச மாதச் சம்பளத்தை 10,000 ரூபா என்று வைத்தது. தனியார் முதலாளி இதற்குக் குறைத்துக் கொடுத்தால் குற்றம் என்று பாராளுமன்றம் சட்டம் செய்தபோது, அதற்கு முந்தைய ஆண்டுதான் அரசாங்கமே ஆசிரியர் வேலைக்கு 6,000 என்று கடிதம் கொடுத்திருந்தது.

ஆர்ப்பாட்டம் நடந்தது. மகஜர் கொடுத்தார்கள். பாராளுமன்றத்தில் பேசினார்கள். கொடுப்பனவு 10,000 ரூபாவாக உயர்ந்தது. ஆசிரியர் பயிற்சியை முடித்த பிறகே இலங்கை ஆசிரியர் சேவையில் உள்ளீர்ப்போம் என்றார்கள். பிள்ளைகள் கொட்டகலை ஆசிரியர் கலாசாலை போன்ற இடங்களுக்குப் பயிற்சிக்குப் போனார்கள். உள்ளீர்ப்பு மாகாணத்துக்கு மாகாணம் வெவ்வேறு காலத்தில் நடந்தது.

மலைக்காட்டில் ஒரு வழக்கம் உண்டு. நிறைக்குக் குறைவாகக் கொழுந்து கொண்டு வந்தால் அரைப் பேர், அதாவது அரை நாள் சம்பளம். ஆசிரிய உதவியாளர்கள் நிறை குறையாமல் கொண்டு வந்தார்கள். அதே நேரசூசி, அதே பாட எண்ணிக்கை, அதே பரீட்சைத் தாள். ஆனால் ஆண்டுக்கணக்கில் அவர்களுக்கு விழுந்தது அரைப் பேர்தான்.

இதில் சட்டக் கேள்வி எங்கே இருக்கிறது? ஒருவர் ஆசிரியரின் முழு வேலையையும் செய்கிறார். அவருக்கு ‘உதவியாளர்’ என்று பெயர் வைத்துவிட்டால் சம்பளத்தைக் குறைக்கலாமா? நமது அரசியலமைப்பின் 12-ஆம் உறுப்புரை, சட்டத்தின் முன் யாவரும் சமம் என்கிறது. அந்தச் சமத்துவம் சம்பளச் சிட்டைக்கும் பொருந்துமா?

கடலுக்கு அப்பால் இதே கேள்வி பல தடவை நீதிமன்றம் ஏறியிருக்கிறது. 2016-இல் ஜக்ஜித் சிங் வழக்கில், தற்காலிக ஊழியர் நிரந்தர ஊழியரின் அதே வேலையைச் செய்தால் அந்தப் பதவியின் ஆரம்பச் சம்பளத்தையாவது கொடுக்க வேண்டும் என்று இந்திய உச்ச நீதிமன்றம் சொன்னது. 2025 ஓகஸ்டில் குஜராத் அரசுப் பொறியியல் கல்லூரிகளின் ஒப்பந்த விரிவுரையாளர்களுக்கு அதே நீதிமன்றம் நியாயம் வழங்கியது. அவர்கள் மாதம் 30,000 இந்திய ரூபாயில் ஆண்டுக்கணக்கில் உழைத்தவர்கள். நிரந்தர உதவிப் பேராசிரியரின் ஆரம்பச் சம்பளத்தை அவர்களுக்கும் கொடுக்க வேண்டும், பழைய பாக்கியை 8 சதவீத வட்டியோடு தீர்க்க வேண்டும் என்பது தீர்ப்பு. மேடையில் குருவைத் தெய்வம் என்று புகழ்ந்துவிட்டுச் சம்பளத்தில் அவமதிப்பது பொருந்தாது என்றும் நீதிபதிகள் கண்டித்தார்கள்.

தமிழ்நாட்டைப் பாருங்கள். அரசுக் கலைக் கல்லூரிகளில் கௌரவ விரிவுரையாளர்கள் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். ஒரு விரிவுரைக்கு 1,500, மாதத்துக்கு அதிகபட்சம் 50,000 ரூபாய் என்று 2019 ஜனவரியில் பல்கலைக்கழக மானியக் குழு வழிகாட்டியது. கையில் வந்தது அதில் பாதி அளவு. அந்த 50,000-ஐக் கேட்டு வழக்குகள் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போயின.

சுந்தராம்பாள் என்ற ஆசிரியையின் வழக்கையும் இங்கே நினைக்க வேண்டும். கோவாவில் ஒரு தனியார் பள்ளியில் வேலை இழந்தவர் அவர். தொழில் தகராறுச் சட்டத்தின் கீழ் நியாயம் கேட்டுப் போனார். 1988-இல் இந்திய உச்ச நீதிமன்றம், ஆசிரியர் அந்தச் சட்டம் சொல்லும் ‘தொழிலாளி’ அல்லர் என்று சொல்லிவிட்டது. 2004-இல் பணிக்கொடைச் சட்டத்திலும் ஆசிரியருக்கு இடமில்லை என்று இன்னொரு தீர்ப்பு. இதை மாற்ற நாடாளுமன்றம் 2009-இல் சட்டத்தைத் திருத்தியது. 1997-இல் இருந்தே பொருந்தும் என்று முன்தேதியும் போட்டது. தனியார் பள்ளி முதலாளிகள் அதை எதிர்த்து வழக்காடினார்கள். 2022 ஓகஸ்டில் தோற்றார்கள். ஒரு தனியார் பள்ளி ஆசிரியைக்குப் பணிக்கொடை உறுதியாக இத்தனை சுற்று!

நம்முடைய சட்டம் இந்த இடத்தில் ஆசிரியருக்கு அதிகம் இடம் கொடுக்கிறது. இது பலருக்குத் தெரியாது. 1950-ஆம் ஆண்டின் 43-ஆம் இலக்கக் கைத்தொழில் பிணக்குகள் சட்டம் தொழிலாளி என்பதற்கு மிக விரிந்த விளக்கம் தந்திருக்கிறது. எழுத்திலோ வாய்ப்பேச்சிலோ, எந்தத் தகுதியில் வேலைக்கு அமர்ந்தவராயினும் அதற்குள் வருவார். அரசாங்கம் முதலாளியாக இருக்கும் இடத்துக்கு மட்டும் அந்தச் சட்டம் பொருந்தாது.

இனி, நடைமுறைக்கு வருவோம். யாருக்கு எந்தக் கதவு?

பண்டாரவளையில் ஒரு தனியார் கல்வி நிலையம் என்று வைத்துக்கொள்வோம். ஆங்கிலம், கணினி, முன்பள்ளி டிப்ளோமா நடத்துகிறார்கள். அங்கே ஒரு விரிவுரையாளர். மணித்தியாலக் கணக்கில் சம்பளம். நாலு மாதமாகக் காசு வரவில்லை. கேட்டால் ‘மாணவர் கட்டணம் வரட்டும்’ என்கிறார்கள். பிறகு ஒரு நாள் ‘இனி வர வேண்டாம்’ என்கிறார்கள். அவர் என்ன செய்யலாம்?

வேலையில் இருக்கும்போதே சம்பளம் வராவிட்டால் தொழில் திணைக்களத்தின் மாவட்டக் காரியாலயத்தில் எழுத்தில் முறையிடலாம். ஊழியர் சேமலாப நிதிக்கு முதலாளி 12 சதவீதம், ஊழியர் 8 சதவீதம் என்பது 1958-ஆம் ஆண்டுச் சட்டத்தில் வேரூன்றிய கடமை. நம்பிக்கைப் பொறுப்பு நிதிக்கு முதலாளி இன்னொரு 3 சதவீதம். சேமலாப நிதியைக் கட்டாமல் இழுத்தால் தாமதத்துக்கு ஏற்ப 50 சதவீதம் வரை மேலதிகமாக அறவிடலாம். அதற்காகத் தொழில் ஆணையாளர் சான்றிதழ் கொடுத்து நீதவான் நீதிமன்றத்துக்குப் போனால், அந்தத் தொகை அபராதம் போல அறவிடப்படும். வேலையை விட்டு நிறுத்தினால் ஆறு மாதத்துக்குள் தொழில் நியாய சபைக்கு விண்ணப்பிக்க வேண்டும். ஐந்து ஆண்டு முடித்தவருக்கு, 15 பேருக்குக் குறையாமல் வேலை செய்யும் இடத்தில், 1983-ஆம் ஆண்டின் 12-ஆம் இலக்கச் சட்டப்படி பணிக்கொடை உண்டு. மாதச் சம்பளக்காரருக்கு ஒவ்வொரு ஆண்டுக்கும் அரை மாதச் சம்பளம். வேலை முடிந்து 30 நாளுக்குள் கொடுக்க வேண்டும். தொழில் நியாய சபைக்குப் போக லட்சக்கணக்கில் செலவழிக்க வேண்டியதில்லை. அங்கத்தவர் சார்பாகத் தொழிற்சங்கமே விண்ணப்பிக்கலாம்.

அடுத்து, அரசாங்கப் பள்ளி ஆசிரியர். மாகாணப் பாடசாலை என்றால் அவருக்குச் சம்பளம் மாகாணத்தில் இருந்து வருகிறது. வலயக் கல்விப் பணிமனை, மாகாணக் கல்வித் திணைக்களம், மாகாண அரச சேவை ஆணைக்குழு என்று படிகள். எழுத்தில் கேட்டும் பதில் வராவிட்டால், மாகாண அதிகாரத்துக்கு உட்பட்ட விடயத்தில் எழுத்தாணை கேட்டுப் பதுளையில் உள்ள மாகாண மேல் நீதிமன்றத்துக்கே போகலாம். கொழும்புக்குப் போக வேண்டியதில்லை. பாகுபாடு நடந்திருந்தால் உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு. அதற்கு ஒரு மாதம்தான் அவகாசம். ஒரு மாதம்! மனித உரிமைகள் ஆணைக்குழு விசாரணை நடத்தும் காலத்தை அந்த ஒரு மாதத்தில் சேர்க்காமல் விடும் ஏற்பாடு 1996-ஆம் ஆண்டுச் சட்டத்தில் இருக்கிறது. ஆனால் அந்த முறைப்பாடும் ஒரு மாதத்துக்குள் போயிருக்க வேண்டும். விசாரணை உண்மையாகவே நடப்பதைக் காட்டவும் வேண்டும்.

எத்தனை ஆசிரியர்கள் இந்த ஒரு மாதத்தைத் தவற விட்டிருப்பார்கள்! அதிபரிடம் சொல்லிப் பார்ப்போம், வலயத்தில் தெரிந்தவர் இருக்கிறார், அமைச்சரைப் பார்த்து மகஜர் கொடுப்போம், எலக்சன் வருகிறது, பொறுப்போம். இப்படியே ஒரு மாதம் ஓராண்டாகும். பொறுமையாக இருந்தார் என்பதற்காக எந்த நீதிமன்றமும் காலத்தை நீட்டிக் கொடுப்பதில்லை.

ஃபைல் எங்கே இருக்கிறது என்று கண்டுபிடிக்கவும் ஒரு சட்டம் உண்டு. 2016-ஆம் ஆண்டின் 12-ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம். 2017 பெப்ரவரியில் இருந்து நடைமுறையில் இருக்கிறது. ஒரு தாளில் தமிழிலேயே எழுதிக் கேட்கலாம். என் நிலுவைக் கணக்கு எவ்வளவு? எந்தத் தேதியில் அனுமதிக்கு அனுப்பப்பட்டது? இப்போது எந்த உத்தியோகத்தரிடம் இருக்கிறது? 14 வேலை நாளுக்குள் தகவல் அதிகாரி முடிவு சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் குறித்தளிக்கப்பட்ட அதிகாரியிடம் மேன்முறையீடு. அங்கும் கிடைக்காவிட்டால் ஆணைக்குழு. ‘மேலே போயிருக்கிறது’ என்று வாயால் சொன்னவர் இப்போது கையெழுத்துப் போட்டுச் சொல்ல வேண்டும். பிறகு வழக்கு என்று போனால் அந்தக் கடிதமே சாட்சி.

வழக்கு ஒன்றுதான் வழியா? கூட்டமாக நின்ற வழியும் இருக்கிறது. 1940-இல் இந்தப் பதுளைப் பக்கத்து வெவெஸ்ஸ தோட்டத்தில் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தார்கள். தாங்கள் தெரிவு செய்த குழுவோடு கலந்து பேசாமல் நிர்வாகம் முடிவெடுக்கக் கூடாது என்று கேட்டார்கள். 2021-இல் நாடு முழுவதும் ஆசிரியர்கள் அதையே வேறு களத்தில் செய்தார்கள். 1997-இல் இருந்து இழுபட்ட அதிபர், ஆசிரியர் சம்பள முரண்பாட்டைத் தீர்க்கச் சொல்லி ஜூலை 12-இல் இணையவழிக் கற்பித்தலை நிறுத்தினார்கள். ஒக்டோபர் 25-ஆம் தேதிதான் வகுப்புக்குத் திரும்பினார்கள். நூறு நாளுக்கு மேல். கேட்ட உயர்வில் மூன்றில் ஒரு பங்கு 2022 ஜனவரியில் இருந்து கிடைத்தது. மீதி மூன்றில் இரண்டைக் கேட்டு 2024 ஜூனில் மறுபடியும் கொழும்பு வீதிக்கு வந்தார்கள். இருபத்து நான்கு ஆண்டு இழுபட்ட ஒரு கணக்கு, ஆசிரியர் சேர்ந்து நின்ற பிறகுதான் அசைந்தது.

இங்கே இன்னொன்றையும் பார்க்க வேண்டும். சட்டத்தை யார் எவ்வளவு வேகமாகப் பயன்படுத்துகிறார்கள்? தோட்டத் தொழிலாளரின் நாட்சம்பளத்தை 900 அடிப்படையும் 100 கொடுப்பனவுமாக 1,000 ரூபா ஆக்கும் வர்த்தமானி 2021 மார்ச் 5-ஆம் தேதி வந்தது. அதே மாதத்துக்குள் இருபது பெருந்தோட்டக் கம்பனிகள் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் நின்றன. ஏப்ரல் 5-ஆம் தேதி இடைக்காலத் தடை கொடுக்க நீதிமன்றம் மறுத்தது. 2024-இல் 1,700 என்று வர்த்தமானி வந்தபோதும் கம்பனிகள் உடனே போயின. அந்தத் தடவை ஜூலையில் உயர் நீதிமன்றத்தில் இடைக்காலத் தடையும் வாங்கின. கடைசியில் செப்டெம்பரில் அடிப்படைச் சம்பளம் 1,350-இல் நின்றது. சரியோ பிழையோ, கம்பனிகள் ஒரு நாளையும் வீணாக்கவில்லை. சட்டத்தரணி தயார், ஆவணம் தயார், காலக்கெடு தெரியும்.

உழைப்பவர் பக்கத்தில் மட்டும் ஏன் இத்தனை தாமதம்? பதுளை ஸ்டேஷனில் இருந்து கொழும்புக்கு ரயில் பாதை 290 கிலோமீற்றருக்கு மேல். ஒரு தவணைக்குப் போய்வர இரண்டு நாள் லீவு. லீவுக்கும் கேள்வி. சட்டத்தரணிக்குக் கொடுக்கக் காசு இல்லை, ஏனென்றால் வராத சம்பளத்துக்குத்தான் வழக்கே. வழக்குப் போட்டால் இடமாற்றம் வருமோ என்ற பயம். சிங்களத்தில் மட்டும் வரும் கடிதத்தைப் படிக்க ஆள் தேட வேண்டும். இந்த மாவட்டத்தின் பல பிரதேச செயலகப் பிரிவுகள் இருமொழி நிர்வாகப் பிரிவுகளாக அறிவிக்கப்பட்டும் அந்த நிலைமை முற்றாக மாறவில்லை. சட்டம் ஆசிரியர் பக்கம் இருக்கிறது. தூரமும் காலமும் பயமும் எதிர்ப்பக்கம் இருக்கின்றன. ஆகவே இந்த மூன்றையும் குறைப்பதற்கு இந்த ஊரில் என்ன செய்யலாம் என்பதுதான் இன்று வீட்டுக்குக் கொண்டுபோக வேண்டிய கேள்வி.

ஆசிரியர் சங்கங்களிடம் ஒரு வேண்டுகோள். சம்பளம் தாமதமான அங்கத்தவரின் பட்டியலை மாதாமாதம் எழுதுங்கள். பெயர், பாடசாலை, தொகை, தாமதம் தொடங்கிய தேதி. தனித்தனியாக அலைய விடாமல், ஒரே விடயத்தில் பாதிக்கப்பட்டவர்களைச் சேர்த்து ஒரே மனுவாகப் போடுங்கள். செலவும் பகிரப்படும், பயமும் பகிரப்படும்.

பதுளை, பண்டாரவளை சட்டத்தரணிகளிடம் ஒரு வேண்டுகோள். மாதத்தில் ஒரு சனிக்கிழமை, தமிழ் பேசும் ஒருவரை வைத்து, சம்பளப் பிணக்குக்கு மட்டும் ஆலோசனை சொல்லுங்கள். வசதி இல்லாதவரைச் சட்ட உதவி ஆணைக்குழுவின் காரியாலயத்துக்கு வழிகாட்டுங்கள். காலக்கெடு எப்போது முடிகிறது என்று சொல்லிவிட்டாலே பாதி வழக்குகள் காப்பாற்றப்படும்.

மாகாண நிர்வாகத்திடமும் ஒரு கோரிக்கை. நிலுவை இருக்கும் ஒவ்வோர் ஆசிரியருக்கும், கேட்காமலே, தமிழிலும் சிங்களத்திலும் ஒரு கூற்றை அனுப்புங்கள். இவ்வளவு பாக்கி, இந்தக் காரணம், இந்தத் தேதிக்குள் தீரும் என்று எழுதுங்கள். வங்கி தன் கடன்காரருக்கு மாதம் தவறாமல் அனுப்புகிறது. உழைத்தவருக்குக் கடன்பட்ட திணைக்களம் அனுப்புவதில் என்ன கஷ்டம்?

கடைசியாக, சம்பளம் வராமல் இந்த மண்டபத்தில் உட்கார்ந்திருக்கும் ஆசிரியர்களே, விரிவுரையாளர்களே! நாளைக்கே நான்கு ஆவணத்தை ஓர் உறையில் போடுங்கள்: நியமனக் கடிதம், நேரசூசியும் வரவுப் பதிவும், கடைசிச் சம்பளச் சிட்டை, காசு வராததைக் காட்டும் வங்கிக் கூற்று. உறையின் மேல் பாக்கி தொடங்கிய தேதியை எழுதுங்கள். இந்த வாரத்துக்குள் ஒரு கோரிக்கைக் கடிதத்தைப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். பற்றுச்சீட்டையும் அதே உறையில் வையுங்கள். வாசலில் இரண்டு இளம் சட்டத்தரணிகள் மேசை போட்டு உட்கார்ந்திருக்கிறார்கள். போகும்போது உங்கள் தேதியை அவர்களிடம் காட்டி, எத்தனை நாள் மீதி இருக்கிறது என்று கேட்டுக்கொண்டு போங்கள்.